பிழையாகப் பேசியவர்களின் வானொலி

எங்கள் வானொலியின் தமிழ் நிகழ்ச்சியில் புதிதாகச் சேர்ந்திருக்கும் உங்கள் எல்லாருக்கும்,

போன கிழமை நான் கலையகத்துக்கு வந்தபோது நீங்கள் என்னைச் சுற்றி நின்று கேட்டவை எல்லாம் கருவிகளைப் பற்றியவை. எந்த ஒலிவாங்கி நல்லது, வீட்டிலிருந்து பதிவு செய்தால் எதிரொலியை எப்படிக் குறைப்பது, எந்த மென்பொருளில் வெட்டி ஒட்டுவது. இவற்றை என்னைவிட நீங்கள் நன்றாக அறிவீர்கள். நான் ஓய்வுபெற்ற பிறகு வந்த மென்பொருள்களின் பெயர்கூட எனக்குத் தெரியாது. ஆனால் உங்களில் ஒருவர் மட்டும் படிக்கட்டு வரை கூட வந்து, "அண்ணை, நேரலையில ஆராவது எங்களை ஏசினா என்ன செய்யிறது?" என்று கேட்டீர்கள். மெற்றோ ரயில் பிடிக்கும் அவசரத்தில், "பிறகு சொல்லுறன்" என்று இறங்கி வந்துவிட்டேன். திரான்சியில் உள்ள என் வீட்டு வாசல் வரை அந்தக் கேள்வி என்னோடு வந்தது. அதற்குத்தான் இதை எழுதுகிறேன்.

அந்தக் கேள்விக்கு என்னிடம் உள்ள பதில் தமிழ் நிகழ்ச்சியில் கிடைத்ததல்ல. கத்தலான் நிகழ்ச்சியில் கிடைத்தது.

நான் இந்த நிலையத்துக்கு அறிவிப்பாளனாக வரவில்லை. யாழ்ப்பாணத்தில் கோயில் திருவிழாக்களுக்கு ஒலிபெருக்கி கட்டித் திரிந்தவன். பிரான்சின் தலைநகர் பரிஸுக்கு வந்து சில வருடம் உணவகத்தில் கோப்பை கழுவினேன். பிறகு ஒபர்வில்லியேயில் ஒரு துணிக் களஞ்சியத்தில் பெட்டி ஏற்றினேன். லா சப்பலில், பல மொழிக்காரரும் நேரம் பிரித்து ஒலிபரப்பும் ஒரு சின்ன வானொலிக்கு ஒலிக்கட்டுப்பாட்டுக்கு ஆள் தேவை என்று கேள்விப்பட்டு வந்தேன். ஒலியைக் கூட்டிக் குறைக்கும் மிக்ஸர் பலகையைக் காட்டி, "இது தெரியுமா?" என்று கேட்டார்கள். தெரியும் என்றேன். எனக்குக் கிடைத்த முதல் பொறுப்பு சனிக்கிழமைப் பின்னேரக் கத்தலான் நிகழ்ச்சி.

கத்தலான் என்று ஒரு மொழி இருப்பதே எனக்கு அன்றுதான் தெரியும். பிரான்சின் தென்கோடியில், ஸ்பெயின் எல்லையோரம் பெர்பினியான் என்றொரு நகரம். அந்தப் பக்கத்து மக்களின் பழைய மொழி அது. எல்லைக்கு அப்பால் பார்சலோனாவில் அதில் பள்ளிக்கூடம் நடக்கிறது, பத்திரிகை வருகிறது. எல்லைக்கு இந்தப் பக்கம், பிரான்சில், அது வீட்டுக்குள் ஒதுங்கிப் பிறகு வீட்டுக்குள்ளும் சத்தம் குறைந்துபோன மொழி.

நிகழ்ச்சியை நடத்தியவர் நூரியா. பெர்பினியான்காரர், என் வயதுதான். கிழமை நாட்களில் தபால் கந்தோரில் கவுண்டர் வேலை. சனிக்கிழமை காலையில் நித்திரை கொள்ளாமல் செய்தி தயாரித்து, புத்தகங்களைப் பைக்குள் போட்டுக்கொண்டு, பின்னேரம் எங்கள் படிக்கட்டில் மூச்சு வாங்க ஏறி வருவார். நாட்டுப்பாட்டு, சமையல், புதுப் புத்தகம், ஊர்ச் செய்தி, யாராவது ஒரு நேயரோடு தொலைபேசியில் ஒரு கதை. பல வருடம் நான் கலையகத் தடுப்புக் கண்ணாடிக்கு இந்தப் பக்கம் இருந்து அதைக் கேட்டேன். கேட்டுக் கேட்டு எனக்கு அந்த மொழி விளங்கத் தொடங்கியது. பேசத்தான் வரவில்லை.

ஒரு நாள் நான் அவரிடம், "சின்ன வயதில் வீட்டில் எல்லாரும் இப்படித்தான் பேசிக்கொள்வீர்களா?" என்று கேட்டேன். நூரியா சிரித்தார்.

"வீட்டிலா? எங்கள் வீட்டில் ஒரு சொல் கிடையாது. நான் வளர்ந்து, வேலைக்குப் போன பிறகு, மாலை வகுப்பில் காசு கட்டிப் படித்தேன்."

அவருடைய அப்பா ரயில்வேயில் வேலை செய்து ஓய்வுபெற்றவர். சின்ன வயதில் கத்தலான் மட்டும் பேசிப் பள்ளிக்கூடம் போனவர். அங்கே அந்த மொழியில் வாய் திறந்தால் எல்லார் முன்னாலும் மூலையில் நிற்க விடுவார்கள், கையில் அடியும் விழும். தன் பிள்ளைக்கு அது நடக்கக்கூடாது என்று முடிவு செய்து, நூரியா பிறந்த நாளிலிருந்து பிரெஞ்சு மட்டுமே பேசியிருக்கிறார். மகள் வளர்ந்து அதே மொழியை வானொலியில் பேசப்போகிறாள் என்றதும் அவருக்குப் பிடிக்கவில்லை. நூரியா விடுமுறைக்கு வீட்டுக்குப் போய் வானொலிப் பேச்சை எடுத்தால் எழுந்து தோட்டத்துக்குப் போய்விடுவாராம். "அப்பா என் நிகழ்ச்சியை ஒருநாளும் கேட்டதில்லை, சிவா" என்று என்னிடம் சொல்லியிருக்கிறார். அதைப் பெரிய குறையாகச் சொல்லவில்லை. வானிலை அறிக்கை மாதிரிச் சொன்னார்.

இனி அந்தச் சனிக்கிழமைக்கு வருகிறேன்.

சித்திரையில் கத்தலான்காரருக்கு ஒரு திருநாள் உண்டு. சன் ஜோர்டி என்பார்கள். அன்று ஒருவருக்கொருவர் ரோசாப்பூவும் புத்தகமும் கொடுத்துக்கொள்வது வழக்கம். அந்த வருடம் நூரியா, நேயர்கள் நிலையத்துக்கே வரட்டும், ஆளுக்கொரு ரோசா கொடுப்போம் என்று அறிவித்துவிட்டார். பூ வாங்க என்னோடு ரூ பெர்தொனே தெருவில் தமிழ்க் கடைகள் இருக்கும் பக்கம் வந்தார். எங்கள் பூக்கடைக்காரர், "என்ன அண்ணை, கலியாணமோ?" என்று கேட்டார். "ஓம், ஒரு மாதிரி" என்றேன். மாலைக்கு என்று நினைத்து எல்லாப் பூவையும் காம்பைக் கட்டையாக வெட்டிக் கட்டித் தந்துவிட்டார். நூரியா அவற்றைக் கையில் வைத்துப் பார்த்து, "பரவாயில்லை, சட்டைப் பையில் குத்தலாம்" என்றார். அவர் அப்படித்தான். நடந்ததை வைத்துக்கொண்டு அடுத்ததைப் பார்ப்பார்.

நிகழ்ச்சி கலகலப்பாகத் தொடங்கியது. நேயர்கள் தொலைபேசியில் வந்து தங்களுக்குப் பிடித்த புத்தகத்திலிருந்து ஒரு வரி வாசித்தார்கள். நடுவில் ஒரு பெரியவர் வந்தார். பார்சலோனாவில் பிறந்து பரிஸில் நெடுங்காலம் இருப்பவர். குரலில் மரியாதை குறையவில்லை.

"அம்மணி, உங்கள் ஆர்வத்தை மதிக்கிறேன். ஆனால் யாராவது இதைச் சொல்லத்தான் வேண்டும். நீங்கள் பேசுவது கத்தலான் இல்லை. பிரெஞ்சுக்குக் கத்தலான் சட்டை போட்டுவிட்டிருக்கிறீர்கள். உங்கள் 'ர'வைக் கேட்டாலே காது வலிக்கிறது. இப்படிப் பேசுவதைவிட இந்த மொழியைச் சும்மா விடுவது மேல்."

என் கை மிக்ஸருக்குப் போனது. அவருடைய ஒலியை இறக்க ஒரு நொடி போதும். கண்ணாடிக்கு அந்தப் பக்கம் நூரியா தலையை மெல்ல ஆட்டினார். வேண்டாம் என்று. பெரியவர் சொல்லி முடிக்கும்வரை காத்திருந்தார்.

"நீங்கள் சொல்வது உண்மை, ஐயா. என் 'ர' தொண்டையில் உரசுகிற பிரெஞ்சு 'ர'தான்" என்றார். அதற்கு மேல் ஏதோ சொல்ல வாயெடுத்தார். பாதியில் நிறுத்தினார். என்னைப் பார்த்தார். நான் உடனே ஒரு பாட்டைப் போட்டேன்.

இந்த இடத்தில் கொஞ்சம் நிற்கிறேன். உங்களை ஏசுகிறவரின் இணைப்பை வெட்டலாமா என்றால், வெட்டலாம். வசைச்சொல் பேசினால், ஆளைப் பயமுறுத்தினால் யோசிக்காமல் வெட்டுங்கள். ஆனால் மரியாதையாகப் பேசி மனதை நோகடிப்பவரை வெட்டினால், கேட்டுக்கொண்டிருக்கிற எல்லாரும் அவர் சொன்னது சரி, அதனால்தான் வெட்டினார்கள் என்று நினைப்பார்கள். நூரியா அதை யோசித்துத் தலையாட்டினாரோ, இல்லை பெரியவரை மதித்துத்தான் ஆட்டினாரோ எனக்குத் தெரியாது. அன்று அவர் வெட்ட விட்டிருந்தால் இந்தக் கதை அதோடு முடிந்திருக்கும்.

பாட்டு ஓடிக்கொண்டிருந்தது. நூரியா மேசையில் கிடந்த ரோசாக்களைப் பார்த்தபடி இருந்தார். தொலைபேசியில் விளக்கு எரிந்தது. எடுத்தேன். பிரெஞ்சில் ஒரு முதிய குரல், கோபத்தில் மூச்சு வாங்கியது.

"நான் நூரியாவின் அப்பா. அந்த ஆளுக்கு நான் பதில் சொல்ல வேண்டும்."

"நீங்கள் நிகழ்ச்சியைக் கேட்கிறீர்களா, ஐயா?" என்று கேட்டேன். அது தேவையில்லாத கேள்வி.

"பக்கத்து வீட்டுப் பெண்ணின் கணினியில் கேட்கிறேன். ஒவ்வொரு சனிக்கிழமையும். இதை அவளிடம் சொல்லாதே."

நினைத்துப் பாருங்கள். நேரலை. பாட்டு முடியப் போகிறது. கோபமாக இருக்கும் ஒரு மனிதர். அவர் என்ன சொல்லப்போகிறார் என்று எனக்குத் தெரியாது. எங்கள் நிலையத்தில் ஒரு விதி இருந்தது, இன்றும் இருக்கிறது: கோபமாக வருகிறவரை நேரடியாகக் காற்றில், அதாவது ஒலிபரப்பில், விடக்கூடாது. இன்னொரு பக்கம், என் தலைக்குள் ஒரு குரல், நூரியாவிடம் சொல்லாமலே காற்றில் விடு, அவள் அப்பாவின் குரலை எதிர்பாராமல் கேட்கட்டும், வானொலிக்கு இதைவிடப் பெரிய நிமிடம் வராது என்றது. அந்தக் குரல் உங்களுக்கும் கேட்கும். எங்கள் தொழிலில் எல்லாருக்கும் கேட்கும்.

நான் ஒரே ஒரு கேள்வி கேட்டேன். "எந்த மொழியில் பேசப் போகிறீர்கள்?"

"நிகழ்ச்சி எந்த மொழியில் நடக்கிறது?" என்று திருப்பிக் கேட்டார்.

காற்றில் விடத் துணிந்தேன். ஆனால் நூரியாவைக் கேட்காமல் விடுவதில்லை என்றும் முடிவு செய்தேன். ஒருவரின் அப்பா, எங்கள் நிகழ்ச்சிக்குக் கிடைத்த சரக்கு இல்லை. நூரியாவின் காதுக்கருவியில் பேசினேன். "நூரியா, லைனில் உன் அப்பா. அந்தப் பெரியவருக்குப் பதில் சொல்ல வேண்டுமாம். கத்தலானில். விடவா? வேண்டாம் என்றால் பிறகு எடுக்கச் சொல்கிறேன், அடுத்த பாட்டுத் தயாராக இருக்கிறது."

நிமிர்ந்து என்னைப் பார்த்தார். நான் பகிடி விடுகிறேனா என்று பார்த்திருப்பார். பாட்டின் கடைசி அடி ஓடியது. கண்ணை மூடித் திறந்து, தலையசைத்தார்.

விட்டேன்.

அந்த மனிதரின் கத்தலான், பூட்டிக் கிடந்த அறையின் கதவு மாதிரி இருந்தது. திறக்கக் கஷ்டப்பட்டது. ஒரு சொல்லைத் தேடி நின்று, பிரெஞ்சில் சொல்லி, அதைத் திருத்தி மறுபடி சொன்னார். என் நினைவில் உள்ளபடி எழுதுகிறேன்.

"அந்த ஐயாவுக்கு ஒரு விஷயம். இவளுடைய வாயில் இருக்கும் பிரெஞ்சு 'ர' நான் வைத்தது. இவள் பிறந்தபோது என்னிடம் மொழி இருந்தது. நான் கொடுக்கவில்லை. நான் பட்டதை இவள் படக்கூடாது என்று கதவைப் பூட்டினேன். இவள் யன்னலால் ஏறி உள்ளே வந்திருக்கிறாள். யன்னலால் வந்தவளைப் பார்த்து, சட்டை கிழிந்திருக்கிறது என்று சொல்லாதீர்கள். குறை சொல்ல வேண்டுமென்றால் என்னைச் சொல்லுங்கள். நான் இவளுடைய அப்பா, பெர்பினியானில்தான் இருக்கிறேன்."

அதோடு நிறுத்திக்கொண்டார். தொலைபேசியை வைக்கவில்லை. மூச்சுச் சத்தம் கேட்டது.

நூரியாவும் பேசவில்லை.

வானொலியில் அமைதி எவ்வளவு பயங்கரமானது என்பது இன்னும் சில மாதத்தில் உங்களுக்கு விளங்கும். எங்களிடம் ஒரு பெட்டி இருக்கிறது, நீங்களும் பார்த்திருப்பீர்கள். ஒலி நின்று கொஞ்ச நேரமானால், ஏதோ பழுது என்று நினைத்து அதுவாகவே பாட்டுப் போட்டுவிடும். அதன் விளக்கு மினுங்கத் தொடங்கியது. நான் எழுந்துபோய் அதை நிறுத்தினேன். அதற்கு எனக்கு அனுமதி கிடையாது. வெளியே மேம்பாலத்தில் ஒரு மெற்றோ போனது. அந்த அதிர்வு கலையகத்துக்குள் வந்து, ஒலிவாங்கிக்குள் போய், பெர்பினியான் வரை கேட்டிருக்கும். வேறு ஒரு சத்தமும் இல்லை.

பிறகு நூரியா பேசினார். நன்றி சொல்லவில்லை, அழவும் இல்லை. கத்தலானில், மிகச் சாதாரணமாக, "அப்பா, அங்கே மழையா?" என்று கேட்டார்.

"இல்லை. காற்று."

"பெரிய காற்றா?"

"தக்காளிக் கன்றுக்கு நட்ட தடியெல்லாம் சரிந்துவிட்டது."

"கயிறு போட்டுக் கட்டுங்கோ, அப்பா."

"கட்டினேன். முடிச்சு நிற்கவில்லை."

நூரியா பிறந்ததிலிருந்து தங்கள் சொந்த மொழியில் ஒருவரோடொருவர் ஒரு வார்த்தை பேசியிராத தகப்பனும் மகளும் காற்றைப் பற்றியும் தக்காளியைப் பற்றியும் பேசிக்கொண்டே போனார்கள். அது என்ன முடிச்சு என்று அப்பா விளக்கினார். நேரம் போகிறது என்று நான் சைகை காட்டவில்லை. செய்தி பிந்தியது. ஒரு நேயரும் முறைப்பாடு செய்யவில்லை.

நிகழ்ச்சி முடிந்து வெளியே வந்தால் படிக்கட்டில் ரோசா வாங்க ஆட்கள் நிரையாக நிற்கிறார்கள். நாங்கள் எதிர்பார்த்ததைவிட அதிகம். அவர்களில் பலர் நூரியாவிடம் பேசியது, பிரெஞ்சு கலந்த, உடைந்த, வெட்கப்பட்ட கத்தலான். "எனக்கும் வீட்டில் சொல்லித் தரவில்லை" என்று ஒருவர். "நான் பிழையாகப் பேசுவேன், அதனால் நிகழ்ச்சிக்குத் தொலைபேசிக் கோல் எடுப்பதில்லை" என்று இன்னொருவர். பூ முடிந்த பிறகும் அவர்கள் போகவில்லை.

அடுத்த கிழமை நிலையத்தின் பொறுப்பாளர் நூரியாவிடம், "உன் அப்பாவை ஒவ்வொரு சனிக்கிழமையும் ஐந்து நிமிடம் பேச வைப்போமே, ஆட்கள் அவ்வளவு விரும்பினார்கள்" என்றார். நல்ல மனிதர், நல்ல எண்ணம்தான். நூரியா உடனே மறுத்துவிட்டார். "அவர் என் அப்பா. நிகழ்ச்சி இல்லை." அதற்குப் பதிலாக, பிழையாகப் பேசுகிறவர்களுக்கு என்றே ஒரு பகுதி தொடங்கினார். திருத்தம் கேட்டால் மட்டும் திருத்துவார். அந்தப் பகுதிதான் வருடக்கணக்காக நிகழ்ச்சியைத் தாங்கியது. அப்பாவோடு பேசுவது சனிக்கிழமை காலையில், வீட்டிலிருந்து, காற்றில் போகாத தொலைபேசியில். "கத்தலானிலா?" என்று ஒருமுறை கேட்டேன். "வேறு எதில்?" என்றார்.

அந்தப் பார்சலோனாப் பெரியவர் மறுபடி வரவில்லை. கேட்டாரா, இல்லையா, வருந்தினாரா, தெரியாது. வானொலியில் பல விஷயங்களுக்கு முடிவு தெரியாமலே போகும். பழகிக்கொள்ளுங்கள்.

எங்கள் தமிழ் நிகழ்ச்சி தொடங்கியதும் நூரியாவால்தான். ஒரு நாள் யன்னலைத் திறந்துவிட்டுக் கீழே தெருவைக் காட்டினார். நகைக்கடை, மரக்கறிக்கடை, கொத்துரொட்டிச் சத்தம், வாய் ஓயாத சனம். "இத்தனை பேர் உன் மொழியில் பேசுகிறார்கள். நீ ஏன் இங்கே மேலே இருந்து என் மொழியைக் காற்றில் விட்டுக்கொண்டிருக்கிறாய்?" என்று கேட்டார். தன் நிகழ்ச்சிக்குப் பின்னால் வரும் அரைமணி வெறுமையாக இருக்கிறது, கேள், தருவார்கள் என்றார். "ஒலிக்கட்டுப்பாட்டுக்கு ஆள் இல்லையே" என்றேன். "நான் இருக்கிறேன்" என்றார்.

அப்படித்தான் நாங்கள் இடம் மாறினோம். கத்தலான் முடிந்ததும் அவர் எழுந்து வந்து மிக்ஸரில் இருப்பார், நான் போய் ஒலிவாங்கியின் முன்னால் இருப்பேன். தமிழில் "வணக்கம்" தவிர வேறு ஒரு சொல்லும் தெரியாமல் என் முகத்தைப் பார்த்தே ஒலியைக் கூட்டிக் குறைப்பார்.

செய்தி வாசிக்க சஹானா என்ற பிள்ளை சேர்ந்தாள். இங்கேயே பிறந்து வளர்ந்தவள், மருந்தியல் படித்துக்கொண்டிருந்தாள். வீட்டில் அம்மா தமிழில் கேட்டால் பிரெஞ்சில் பதில் சொல்லி வளர்ந்த பிள்ளை, தானாகவே வந்து கேட்டாள். எழுத்துக்கூட்டித்தான் வாசிப்பாள். 'ழ' வராது. 'ற'வும் 'ர'வும் அவளுக்கு ஒன்றுதான், இரண்டும் பிரெஞ்சு.

அவள் வாசித்த மூன்றாவதோ நாலாவதோ கிழமை, செய்தியின் நடுவிலேயே விளக்கு எரிந்தது. மொழி விளங்காத நூரியா அழைப்பை எடுத்து அப்படியே காற்றில் விட்டுவிட்டார்; ஊரில் தமிழ் படிப்பித்த ஒரு ஐயா.

"தம்பி, ஆர் அந்தப் பிள்ளை? இது செய்தியோ, தமிழுக்குச் செய்யிற கொலையோ? வாசிக்கத் தெரிஞ்ச ஆக்கள் இஞ்சை ஒருத்தரும் இல்லையோ?"

நேரலையில், எல்லாரும் கேட்க. சஹானா தாளை மேசையில் வைத்தாள். நான் வாயெடுத்தேன். ஐயாவுக்குச் சொல்ல என்னிடம் ஒரு முழுப் பேச்சு இருந்தது. ஒரு தகப்பன் சொன்னதைத் தமிழில் சொல்லியிருப்பேன், நன்றாகவே சொல்லியிருப்பேன். ஆனால் அந்தப் பேச்சு சஹானாவின் இடத்தை எடுத்துவிடும். ஆகவே பேசாமல் அவளைப் பார்த்தேன். நீ சொல்லுகிறாயா, நான் சொல்லவா என்று கண்ணால் கேட்டேன்.

அவள் ஒலிவாங்கியைத் தன் பக்கம் இழுத்தாள்.

"ஐயா, வணக்கம். நான் சஹானா. நான் பிழையாக் கதைக்கிறன், அது எனக்குத் தெரியும்." நிறுத்தி, சொல் தேடினாள். "நான் பிழையாக் கதைச்சா நீங்கள் கோல் எடுப்பியள். நான் கதைக்காட்டி... ஒருத்தரும் கோல் எடுக்கமாட்டினம்."

மறுபக்கத்தில் ஒரு சின்னச் சிரிப்புக் கேட்டது, பிறகு ஒரு செருமல்.

"எந்த இடம், பிள்ளை?"

"பரிஸ், ஐயா. இஞ்சைதான்."

"என்ரை பேரப்பிள்ளையளும் இஞ்சைதான். என்னோடை ஒரு சொல்லுக் கதையாதுகள்." குரல் கொஞ்சம் இறங்கியது. "சரி. நீர் மிச்சத்தை வாசியும். நான் வைக்கிறன், ஆனா கேட்டுக்கொண்டுதான் இருப்பன்."

சஹானா தாளை எடுத்தாள். விட்ட இடத்தைக் கண்டுபிடிக்கச் சிறிது நேரமானது. வாசிக்கத் தொடங்கினாள். அதே 'ர', அதே தடுமாற்றம். ஆனால் முதல் பாதியில் முணுமுணுத்தவள் இப்போது யாரோ ஒருவருக்கு வாசித்தாள்.

நான் கண்ணாடியைப் பார்த்தேன். அந்தப் பக்கம் நூரியா, நடந்ததில் ஒரு சொல்லும் விளங்காமல், எங்கள் இரண்டு பேருடைய முகத்தையும் மாறி மாறிப் பார்த்தார். பிறகு குனிந்து, சஹானாவின் ஒலியை இன்னும் கொஞ்சம் கூட்டினார்.